போர் துரத்திய வாஸ்கோடகாமா

அந்தமானின் சாத்தம் மர ஆலையைச் சுற்றிப் பார்க்க வருகிறவர்களின் கால்கள் தாமாக நிற்கும் இடம் ஒன்று உண்டு. 1942-இல் ஜப்பானியர் வீசிய குண்டு தோண்டிய பள்ளம் அது. 1883-இல் தொடங்கிய ஆலை அந்த அடியையும் தாங்கி மீண்டது. அதே 1942-இல், அதே இரண்டாம் உலகப் போர், ஐரோப்பாவில் ஒரு பாடகரை எல்லைக்கு எல்லை விரட்டிக்கொண்டிருந்தது. அவர் ஜோசப் ஷ்மிட்.

இன்றைய உக்ரைனில் உள்ள தாவிடெனி கிராமத்தில், 1904-இல், யூதக் குடும்பத்தில் பிறந்தவர். அன்று அது ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசு. முதல் உலகப் போர் முடிந்தபோது ருமேனியா. செர்னோவிட்ஸ் நகரத்து யூத ஆலயத்தில் பாடி வளர்ந்து, இசை படிக்க பெர்லின் போனார்.

குரல் இருந்தது, உயரம் இல்லை. ஐந்தடியைத் தொடாத மனிதர். ஆபரா என்பது நம் ஸ்பெஷல் நாடகம் போலத்தான். ராஜபார்ட் தானே பாடி நடிக்க வேண்டும். இவ்வளவு குள்ளமான ராஜபார்ட்டுக்கு மேடை கிடைக்கவில்லை. இங்கே நாடக நடிகர் எஸ்.ஜி. கிட்டப்பா மைக் இல்லாமலே கொட்டகையின் கடைசி வரிசை வரை பாடிக்கொண்டிருந்த காலம் அது. ஷ்மிட்டுக்கோ மைக்தான் மேடையானது.

1929-இல் பெர்லின் வானொலியில் மேயர்பீரின் 'ஆப்பிரிக்கப் பெண்' ஆபராவைப் பாடினார். அதில் அவருக்கு வாய்த்த வேடம், நம் கள்ளிக்கோட்டையில் வந்திறங்கிய வாஸ்கோடகாமா! நான்கே ஆண்டுகளில் 38 ஆபராக்கள். முகம் தெரியாமலே ஜெர்மனி அவருக்கு ரசிகரானது.

1933 மே 9 அன்று அவர் நடித்த படம் பெர்லினில் வெளியானது. மறுநாள் இரவு அதே நகரில் நாஜிகள் புத்தகங்களைக் குவித்துக் கொளுத்தினார்கள். யூதர்களுக்கு வானொலியின் கதவு அடைபட்டது. ஷ்மிட் வியன்னாவுக்குப் போனார். 1938-இல் ஹிட்லர் அங்கும் வந்துவிட, பெல்ஜியம். 1939-இல் பிரஸ்ஸல்ஸில், புச்சினியின் 'லா போயெம்' ஆபராவில் கதாநாயகனாகவே மேடையேறினார். ஏங்கிய மேடை கைக்கு வந்தபோது காலடியில் நிலம் இல்லை. அடுத்து பிரான்ஸ், 1940-இல் அதுவும் வீழ்ந்தது.

1942 அக்டோபரில் திருட்டுத்தனமாக எல்லை தாண்டி சுவிட்சர்லாந்தில் நுழைந்தார். நியூயார்க்கின் கார்னகி ஹாலில் பாடியவருக்கு அங்கே கிடைத்தது கீரன்பாட் அகதி முகாம். தொண்டையில் புண் வந்து மருத்துவமனையில் கிடந்தார். நெஞ்சு வலிக்கிறது என்று சொல்லியும் யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. முகாமுக்கே திருப்பி அனுப்பினார்கள்.

நவம்பர் 16. முகாமுக்குப் பக்கத்தில் வால்டெக் என்றொரு விடுதி. சற்றுக் கண்ணயரலாம் என்று அங்கே போய்ப் படுத்தவர், எழவில்லை. வயது 38. சுவிட்சர்லாந்தில் அவர் தொழில் செய்யலாம் என்ற அனுமதி, அவர் இறந்த பிறகு வந்து சேர்ந்தது.