முகம் தெரியும்... பெயர் தெரியாது! டிவி நடிகர் அன்னு கபூர் ரேடியோவுக்குப் போன கதை

உத்திரமேரூரிலிருந்து காஞ்சிபுரம் போகிற காலை பஸ். உட்கார இடமில்லை. ஒரு கையில் கம்பி, இன்னொரு கையில் போன், காதில் இயர்போன். எஃப்.எம்-மில் ஓர் ஆர்.ஜே பேசிக்கொண்டே வருகிறார். அவர் பெயர் உங்களுக்குத் தெரியும். எதிரில் வந்து நின்றால் அடையாளம் தெரியுமா? சந்தேகம்தான்.

அதே நாள் ராத்திரி, வீட்டில் சீரியல் ஓடுகிறது. ஹீரோயினுக்குச் சித்தப்பாவாக வருகிறவர் முகம் உங்களுக்கு அத்துப்படி. பத்து வருஷமாகப் பார்க்கிறீர்கள். பெயர்? "அட, அந்தப் படத்துல போலீஸா வருவாரேப்பா, அவரு!"

ரேடியோக்காரருக்குப் பெயர் உண்டு, முகம் இல்லை. குணச்சித்திர நடிகருக்கு முகம் உண்டு, பெயர் இல்லை. இந்த இரண்டு வேலையையும் பார்த்த ஒருவரின் கதைதான் இது.

நம்ம ஊர் ரூட் எது?

தமிழில் பெரும்பாலும் ஒன்வேதான். முதலில் ரேடியோ, அப்புறம் திரை. ரேடியோ மிர்ச்சியில் பேசிக்கொண்டிருந்த சிவா, 2007-ல் 'சென்னை 600028' படத்தில் நடிகரானார். 'மிர்ச்சி' செந்தில் விஜய் டிவியின் 'சரவணன் மீனாட்சி' மூலம் வீட்டுப் பிள்ளை ஆனார். மா.கா.பா.ஆனந்தும் ரேடியோவிலிருந்து டிவிக்கு வந்தவர்தான்.

இந்த ரூட்டுக்குத் தாத்தா ஒருவர் இருக்கிறார்: பூர்ணம் விஸ்வநாதன். 1947 ஆகஸ்ட் 15 அன்று, இந்தியா சுதந்திரம் அடைந்த செய்தியை ஆல் இந்தியா ரேடியோவில் தமிழில் வாசித்தவர். பிற்பாடு 'வருஷம் 16' தாத்தாவாகவும், 'மகாநதி'யில் கமலுடன் சிறையில் இருக்கும் பெரியவராகவும் நாம் பார்த்த அதே முகம்.

எதிர்த் திசையில் போனவர்கள் குறைவு. நடிப்பில் நன்றாக ஊறி, தலை நரைத்த பிறகு ரேடியோ மைக் முன்னால் போய் உட்கார்ந்தவர்களில் முக்கியமானவர், இந்தி நடிகர் அன்னு கபூர்.

யார் இவர்?

'தாராள பிரபு' (2020) பார்த்திருப்பீர்கள். ஹரிஷ் கல்யாணைத் துரத்தித் துரத்தி விந்து தானம் செய்ய வைக்கும் டாக்டராக நம்ம விவேக் வருவாரே! அதன் இந்தி ஒரிஜினல் 'விக்கி டோனர்' (2012). அதில் அந்த டாக்டராக நடித்தவர் அன்னு கபூர். அந்த ரோலுக்காகச் சிறந்த துணை நடிகருக்கான தேசிய விருதையும் வாங்கினார். அப்போது அவருக்கு வயது 57.

பிறந்தது 1956-ல், மத்தியப் பிரதேசத்தின் போபாலில். அப்பா ஊர் ஊராகப் போய் நாடகம் போடும் கம்பெனி நடத்தியவர். நம்ம ஊர்க் கூத்து ஜமா மாதிரி, இன்றைக்கு வருமானம் வந்தால் நாளைக்கு அடுப்பு எரியும். அம்மா ஆசிரியை, கவிதையும் எழுதுவார். காசு இல்லாததால் பையனின் படிப்பு பாதியில் நின்றது. அப்பாவின் நாடகக் கம்பெனியிலேயே சேர்ந்தார். அங்கிருந்து 1976-ல் டெல்லி தேசிய நாடகப் பள்ளிக்குப் போனார்.

அங்கே இருபதுகளின் தொடக்கத்திலேயே ஒரு நாடகத்தில் எழுபது வயதுக் கிழவராக நடித்தார். அதைப் பார்த்த இயக்குநர் ஷியாம் பெனகல் பாராட்டிக் கடிதம் எழுதினார். பிறகு 'மண்டி' (1983) படத்தில் வாய்ப்பும் கொடுத்தார்.

பெயர் போச்சு!

இங்கேதான் சிக்கல். இவருடைய நிஜப் பெயர் அனில் கபூர். அதே சமயத்தில் இன்னொரு அனில் கபூர் பம்பாயில் ஹீரோவாக வளர்ந்துகொண்டிருந்தார். 'மஷால்' (1984) படத்தில் இரண்டு பேருமே இருந்தார்கள். சம்பள செக்கே ஆள் மாறிப் போய்விட்டது என்று இன்றைக்கும் ஒரு கதை சொல்வார்கள்.

ஒரே பெயரில் இரண்டு பேர் இருந்தால் யார் விட்டுக்கொடுக்க வேண்டும்? ஹீரோவா, துணை நடிகரா? பதில் உங்களுக்கே தெரியும். அனில், அன்னு ஆனார்.

அதற்குப் பிறகு வரிசையாக ரோல்கள். 'ஏக் ருகா ஹுவா ஃபைஸ்லா' (1986) படத்தில், முப்பது வயதில் மறுபடியும் முதியவர். 'மிஸ்டர் இந்தியா' (1987) படத்தில் டென்ஷன் பார்ட்டியான பத்திரிகை ஆசிரியர். தூர்தர்ஷன் தொடரில் கபீர்தாசர். 'சர்தார்' படத்தில் காந்தி. ஒவ்வொன்றிலும் ஆளே வேறு. குணச்சித்திர நடிகரின் வெற்றியும் அதுதான், தலைவலியும் அதுதான். ரோலுக்குள் நன்றாக ஒளிந்துகொள்கிறவரை யாருக்கு ஞாபகம் இருக்கும்?

பாட்டு காப்பாற்றியது

1993-ல் ஜீ டிவியில் 'அந்தாக்ஷரி' தொடங்கியது. நமக்குப் புரிகிற மாதிரி சொன்னால், இந்திக்காரர்களின் 'பாட்டுக்குப் பாட்டு'. நம்ம பி.ஹெச்.அப்துல் ஹமீது இலங்கை வானொலியிலிருந்து சன் டிவிக்குக் கொண்டுவந்தாரே, அதே வகை விளையாட்டு.

இங்கே அன்னு கபூர் கிழவரும் இல்லை, எடிட்டரும் இல்லை. அவராகவே வந்தார். பக்கத்தில் துர்கா ஜஸ்ராஜ், ரேணுகா ஷஹானே, பல்லவி ஜோஷி என்று காலத்துக்குக் காலம் ஒரு கோ-ஹோஸ்ட். இவர் பாட, அவர்கள் கலாய்க்க, ஆட்டம் சூடு பிடிக்கும்.

கோ-ஹோஸ்ட் வேலையை லேசாக நினைக்காதீர்கள். நாடகத்தில் எதிராளி என்ன பேசுவார் என்பது முன்கூட்டியே தெரியும். இங்கே தெரியாது. கூட இருப்பவர் சொல்வதை நிஜமாகவே காதுகொடுத்துக் கேட்டால்தான் அடுத்த வரி வரும். அந்தப் பயிற்சிதான் பின்னால் ரேடியோவில் கைகொடுத்தது.

92.7-ல் எதிரெதிர் திசை

'விக்கி டோனர்' ஹிட்டுக்குப் பிறகு, பிக் எஃப்.எம் 92.7-ல் அவருடைய நிகழ்ச்சி வந்தது. பெயர், 'சுஹானா சஃபர் வித் அன்னு கபூர்'. சுஹானா சஃபர் என்றால் இனிய பயணம். பழைய இந்திப் படங்கள், பாட்டுகள், அவற்றுக்குப் பின்னால் இருந்த மனிதர்களின் கதைகள். நடுநடுவே பாட்டு. அவ்வளவுதான் ஃபார்மட்.

நிகழ்ச்சிப் பெயரை இன்னொரு தடவை படியுங்கள். ஹீரோவுக்காகப் பெயரை விட்டுக்கொடுத்தவரின் பெயர், இப்போது டைட்டிலிலேயே இருக்கிறது. முகம் கொடுக்காததைக் குரல் கொடுத்தது.

இன்னொரு சுவாரஸ்யம். இதே பிக் எஃப்.எம்-மின் சென்னை ஸ்டேஷனில் 'டேக் இட் ஈஸி', 'கிராஸ் டாக்' என்று கலக்கியவர் ஆர்.ஜே.பாலாஜி. 2013-ல் 'தீயா வேலை செய்யணும் குமாரு' மூலம் சினிமாவில் பேசப்பட்டார். ஒரே ரேடியோ நெட்வொர்க்கில் ஒருவர் திரைக்குப் போகிறார், இன்னொருவர் திரையிலிருந்து வருகிறார்.

நடிகர் ரேடியோவுக்குப் போனால் எதை மறக்க வேண்டும்?

*சத்தத்தை:* மேடையில் கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டும். ரேடியோவில் மைக் ஒரு சாண் தூரத்தில் இருக்கிறது. கேட்கிறவர் இன்னும் பக்கத்தில், காதுக்குள்ளேயே இருக்கிறார். அங்கே போய்க் கத்தினால் சேனல் மாறிவிடும்.

*முகத்தை:* கண்ணாலும் புருவத்தாலும் செய்த வேலையை இப்போது இடைவெளி செய்ய வேண்டும். எங்கே நிறுத்துகிறோம், எவ்வளவு நேரம் நிறுத்துகிறோம் என்பதுதான் ரேடியோவின் நடிப்பு. அரை நொடி என்றால் சஸ்பென்ஸ். மூன்று நொடி ஆனால், "என்னடா, சிக்னல் போச்சா?"

*கூட்டத்தை:* 'நேயர்களே' என்று ஊருக்கே பேசாமல், ஒரே ஒருவரிடம் பேசுவதாக நினைத்துக்கொள்ள வேண்டும். பஸ்ஸில் கம்பியைப் பிடித்து நிற்கிற உங்களிடம்.

மறக்கக் கூடாதது ஒன்றுதான்: கதை சொல்லும் டைமிங். அது மேடையிலிருந்து அப்படியே வரும்.

உங்களுக்கு ஆசை இருக்கிறதா?

போன் போதும். ஃபேனை ஆஃப் பண்ணிவிட்டு, ஊரில் நடந்த ஒரு விஷயத்தை மூன்று நிமிஷம் பேசி ரெக்கார்டு செய்யுங்கள். மறுநாள் கேளுங்கள். உங்களுக்கே எங்கே போர் அடிக்கிறதோ, அங்கே வெட்டுங்கள். அடுத்ததாக நண்பர் ஒருவரோடு பேசிப் பாருங்கள். யார் யாரை இடைவெட்டுகிறீர்கள் என்று எண்ணுங்கள். அதிகம் இடைவெட்டுகிறவர்தான் இன்னும் பழக வேண்டும்.

காலேஜில் கம்யூனிட்டி ரேடியோ இருந்தால் விடாதீர்கள். 2004-ல் அண்ணா பல்கலைக்கழகத்தில் தொடங்கிய 90.4 அண்ணா எஃப்.எம்-தான் இந்தியாவின் முதல் வளாக சமுதாய வானொலி. நாடக ஆசை இருந்தால், ஆல் இந்தியா ரேடியோ குரல் தேர்வு வைத்துதான் நாடகக் கலைஞர்களை எடுக்கிறது. அறிவிப்பு வரும்போது விண்ணப்பியுங்கள்.

"நம்ம பேச்சு கிராமத்துப் பேச்சாச்சே" என்று மட்டும் கூச்சப்படாதீர்கள். அன்னு கபூர் போபாலிலிருந்து வந்தவர். ஊர் ஊராக நாடகம் போட்ட குடும்பத்தின் பேச்சுதான் அவருடைய முதல்.

உத்திரமேரூர்க்காரர்களுக்கு இன்னொரு விஷயமும் இருக்கிறது. வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் முதலாம் பராந்தகன் காலக் குடவோலைக் கல்வெட்டு இருக்கிறதே, அது என்ன சொல்கிறது? பெயர் எழுதிய ஓலையைக் குடத்திலிருந்து ஒரு சிறுவன் எடுப்பான். மத்தியஸ்தன் ஐந்து விரலும் விரிய உள்ளங்கையில் அதை வாங்கி, சபைக்குக் கேட்க வாசிக்க வேண்டும். அங்கிருக்கும் நம்பிமாரும் ஒவ்வொருவராக வாசிக்க வேண்டும். ஓலையில் இருந்தால் மட்டும் போதாது, பெயர் காதில் விழ வேண்டும் என்று 1,100 வருஷத்துக்கு முன்பே கல்லில் வெட்டிய ஊர் உங்களுடையது.

அடுத்த தடவை டிவியில் அந்த "போலீஸா வருவாரே" நடிகரைப் பார்த்தால், ஒரு வேலை செய்யுங்கள். போனை எடுத்து அவர் பெயரைத் தேடுங்கள். பக்கத்தில் இருக்கிறவர்களுக்கும் சத்தமாகச் சொல்லுங்கள்.

ஒரே பார்வையில் அன்னு கபூர்

1956 – போபாலில் பிறப்பு
1976 – தேசிய நாடகப் பள்ளி
1983 – 'மண்டி'
1987 – 'மிஸ்டர் இந்தியா'
1993 – ஜீ டிவி 'அந்தாக்ஷரி'
2012 – 'விக்கி டோனர்'. அந்த ஆண்டுக்கான தேசிய விருது
அதற்குப் பின் – பிக் எஃப்.எம்-மில் 'சுஹானா சஃபர்'