அடைப்புக்குறிக்குள் ஒரு ஜெபம்



பெரிய வெள்ளி ஆராதனை முடிந்தபின் நம் சபை வாலிபர் ஒருவர் தம்முடைய வேதாகமத்தின் அடிக்குறிப்பு ஒன்றை என்னிடம் காட்டினார். லூக்கா 23:34-இன் முற்பகுதி சில பழைய கையெழுத்துப் பிரதிகளில் இல்லை என்று அதில் கண்டிருந்தது. தம்மைச் சிலுவையில் அறைந்தவர்களுக்காக ஆண்டவர் பிதாவிடம் மன்னிப்பு வேண்டிய ஜெபம் அது. ஏழு வார்த்தைகளில் முதலாவது. “அப்படியானால் அவர் அதைச் சொல்லவில்லையா, ஐயா?” என்று கேட்டார். நான் இறையியல் கல்லூரியில் கிரேக்கப் புதிய ஏற்பாட்டைத் திறந்து, அந்த ஜெபத்தை இரட்டை அடைப்புக்குறிக்குள் கண்ட நாளில் எனக்கும் இதே கலக்கம் உண்டாயிற்று.

அடிக்குறிப்பு பொய் சொல்லவில்லை. மூன்றாம் நூற்றாண்டினது என்று பலர் கருதும் போட்மர் பாப்பிரஸிலும், நான்காம் நூற்றாண்டு வத்திக்கான் பிரதியிலும் இவ்வார்த்தைகள் இல்லை. பெசா பிரதியை முதலில் எழுதியவரும் இவற்றை எழுதவில்லை. 1881-இல் வெஸ்ட்காட், ஹோர்ட் என்னும் அறிஞர்கள் தங்கள் பதிப்பில் இவற்றை அடைப்புக்குறிக்குள் வைத்தார்கள்.

மறுபக்கச் சாட்சியும் எளிதன்று. ஏறக்குறைய கி.பி. 180-இல் எழுதிய இரேனியு இந்த ஜெபத்தை அறிந்திருந்தார். நம் கையிலுள்ள பாப்பிரஸ்களில் பெரும்பாலானவற்றுக்கு அது முந்திய காலம். ஆண்டவரின் சகோதரனாகிய யாக்கோபு மரிக்கும்போது இதையே ஜெபித்ததாக எகெசிப்பு எழுதியதை யூசேபியு தம் திருச்சபை வரலாற்றில் பாதுகாத்திருக்கிறார்.

ஸ்தேவானின் ஜெபத்தைப் பார்த்து யாரோ பின்னர் இதைச் சேர்த்திருக்கலாம் என்பது ஒரு வாதம். சேர்ப்பவர் அங்குள்ள சொற்களையே எடுத்திருப்பார் அல்லவா? இரண்டின் கருத்தும் ஒன்று; சொற்களோ வேறு. “பிதாவே” என்று அழைத்து ஜெபிப்பதும் லூக்கா காட்டும் இயேசுவின் வழக்கம். அறியாமையினால் செய்தார்கள் என்பதை அப்போஸ்தலர் 3:17-இல் பேதுருவும் சொல்கிறார். அதையும் லூக்காவே எழுதினார். ஆகவே இது லூக்காவின் ஏட்டில் ஆதியிலேயே இருந்தது என்பதே என் முடிவு.

பின் ஏன் நீக்கப்பட்டது? கி.பி. 70-இல் எருசலேம் அழிந்தது. அதைத் தேவனுடைய தண்டனையாகக் கண்ட கிறிஸ்தவர்களுக்கு, குமாரனின் ஜெபம் கேட்கப்படாமற்போயிற்றோ என்னும் இடறல் உண்டாயிருக்கலாம். யூதர்மீதுள்ள கசப்பும் சேர்ந்திருக்கலாம் என்று அறிஞர் பலர் எண்ணுகின்றனர். இது ஊகமே. ஆனால் யூதரைக் கிறிஸ்துவைக் கொன்றவர்கள் என்று பழித்துத் திருச்சபை பிற்காலத்தில் செய்த கொடுமைகளை அறிந்தவர்களுக்கு அந்த ஊகம் அந்நியமாகத் தோன்றாது. ஜெபம் ரோமப் போர்ச்சேவகருக்கு மட்டுமே என்று சுருக்கிய விளக்கங்களும் உண்டு. மேற்கண்ட பேதுருவின் பிரசங்கமோ அதிகாரிகளையும் அந்த அறியாமைக்குள் சேர்க்கிறது.

கிரேக்க வினைச்சொல்லையும் அந்த வாலிபருக்குக் காட்டினேன். அது ஒரே முறை சொல்லி முடித்ததைக் காட்டும் வடிவம் அன்று. ‘சொல்லிக்கொண்டிருந்தார்’ என்றும் பொருள்படும். ஆணி அறையும் வேளையிலும், வஸ்திரத்துக்குச் சீட்டுப்போடும் வேளையிலும் அந்த ஜெபம் தொடர்ந்ததாக நாம் வாசிக்கலாம்.

லண்டனில் பிரிட்டிஷ் நூலகத்திலுள்ள சீனாய்ப் பிரதியில் முதல் எழுத்தர் இந்த ஜெபத்தை எழுதினார். திருத்தியவர் ஒருவர் அதை நீக்கும்படி அடையாளமிட்டார். அவருக்குப் பின் வந்த வேறொருவர் அந்த அடையாளங்களை அழித்துவிட்டார்.