மாவோரித் தொகுதிகள்

நியூசிலாந்து நாடாளுமன்றத்தில் அந்நாட்டின் தொல்குடிகளான மாவோரி மக்களுக்கென 1867 முதல் இருந்துவரும் தனித் தொகுதிகள். தொடக்கத்தில் 4, 2002 தேர்தல் முதல் 7. இந்தியாவில் தனித்தொகுதி என்றால் வேட்பாளர் குறிப்பிட்ட பிரிவைச் சேர்ந்தவராக இருக்க வேண்டும், வாக்கு தொகுதியிலுள்ள எல்லாருக்கும் உண்டு. நியூசிலாந்தில் இது தலைகீழ்: வாக்காளர் மாவோரி வழிவந்தவராகவும் மாவோரி வாக்காளர் பட்டியலில் பெயர் பதிந்தவராகவும் இருக்க வேண்டும், வேட்பாளர் எவராகவும் இருக்கலாம். 1932 பூனா ஒப்பந்தத்தால் இந்தியாவில் தாழ்த்தப்பட்ட வகுப்பினருக்குக் கைவிடப்பட்ட தனி வாக்காளர் முறைக்கே இது நெருக்கமானது.

பின்னணி

1840 பிப்ரவரி 6 அன்று பிரிட்டிஷ் அரசின் சார்பில் வில்லியம் ஹாப்சனும் மாவோரித் தலைவர்களும் வைதாங்கி உடன்படிக்கையில் ஒப்பமிட்டனர். ஆங்கிலப் படிவத்தின்படி தலைவர்கள் இறையாண்மையை அரசிக்கு விட்டுக்கொடுத்தனர். மாவோரிப் படிவத்தின்படி ஆட்சிப் பொறுப்பை மட்டும் கொடுத்து, தங்கள் நிலம் மீதும் ஊர் மீதும் தலைமையைத் தாங்களே வைத்துக்கொண்டனர். இரண்டில் எது செல்லும் என்ற வழக்கு இன்றும் தீரவில்லை. ஒப்பமிடும் வேளையில், தலைவர்களுக்கு இதன் பொருள் விளங்கியிருக்கிறதா என்று கேட்டவர் மிஷன் அச்சகர் வில்லியம் கொலென்சோ. மாவோரிப் படிவத்தை அச்சிட்டவரும் அவரே. (தமிழ் எழுத்துப் பொறித்த உடைந்த வெண்கல மணி ஒன்றை மாவோரிகள் உருளைக்கிழங்கு வேகவைக்கும் பாத்திரமாகப் பயன்படுத்துவதை 1836-ஐ ஒட்டிக் கண்டு, அதைப் பெற்றுப் பாதுகாத்தவரும் இந்தக் கொலென்சோதான். மணி இப்போது வெலிங்டன் தே பாப்பா அருங்காட்சியகத்தில் உள்ளது.)

1852 அரசியலமைப்புச் சட்டம் 21 வயது நிறைந்த, குறிப்பிட்ட மதிப்புள்ள சொத்துடைய ஆண்களுக்கு வாக்குரிமை தந்தது. சட்டத்தில் இனப் பாகுபாடு எழுதப்படவில்லை. ஆனால் மாவோரி நிலம் குலத்துக்குப் பொது. தனியாள் பெயரில் பட்டா இல்லை. எனவே மாவோரிகளில் மிகப் பெரும்பாலோர் வாக்காளர் ஆகவில்லை. 1860-களில் நிலத்தை ஒட்டிப் போர்கள் மூண்டன.

1867 சட்டம்

மாவோரிப் பிரதிநிதித்துவச் சட்டத்தைக் கொண்டுவந்தவர் டொனால்ட் மக்லீன். வடதீவுக்கு மூன்று (வடக்கு, கிழக்கு, மேற்கு), தென்தீவு முழுமைக்கும் ஒன்று என நான்கு தொகுதிகள் அமைந்தன. 21 வயது நிறைந்த மாவோரி ஆண் எவரும் சொத்தின்றியே வாக்களிக்கலாம் என்றாயிற்று. குடியேறிய வெள்ளையருள் சொத்தற்ற ஆண்களுக்கு இவ்வுரிமை 1879-இல்தான் வந்தது.

சட்டத்தின் நோக்கம் குறித்து ஒருமித்த கருத்தில்லை. போரில் அரசின் பக்கம் நின்ற குலங்களுக்குக் கைம்மாறு என்பார் உண்டு. மனக்குறையைப் போர்க்களத்திலிருந்து அவைக்கு மாற்றும் உபாயம் என்பார் உண்டு. பொதுநிலம் தனிப் பட்டாக்களாகப் பிரிந்தபின் மாவோரி வாக்காளர் பெருகிப் பொதுத் தொகுதிகளை நிறைத்துவிடுவர் என்ற அச்சமும் சுட்டப்படுகிறது. தென்தீவின் தங்கவயல்களுக்குப் புதிய இடங்கள் கிடைத்ததால் வடதீவுக்கு ஈடுகட்ட நேர்ந்தது என்ற விளக்கம் அழகு குறைந்ததாயினும் புறக்கணிக்கத்தக்கதன்று. நல்லெண்ணமும் கணக்கும் கலந்தே இச்சட்டம் பிறந்தது எனலாம். கணக்கு வென்ற இடம் எண்ணிக்கை: அன்றைய மாவோரி மக்கள்தொகை சுமார் 50,000, ஆள்விகிதப்படி 14 முதல் 16 இடங்கள் வந்திருக்க வேண்டும்.

ஏற்பாடு ஐந்தாண்டுகளுக்கு மட்டுமே. அதற்குள் நிலமெல்லாம் பட்டாவாகிவிடும், தனித் தொகுதி தேவைப்படாது என்று நம்பினர். 1872-இல் மேலும் ஐந்தாண்டு நீட்டினர். 1876-இல் கால வரம்பையே எடுத்துவிட்டனர்.

வாய்மொழி வாக்கு

1868-இல் நான்கு உறுப்பினர்கள் அவைக்கு வந்தனர்: ஃபிரெடரிக் நேனே ரஸ்ஸல், மெடே கிங்கி பாயேதாகி, தாரேஹா தே மோவனனுய், ஜான் பாட்டர்சன். அவையில் முதலில் எழுந்து பேசிய மாவோரி தாரேஹா. பேசியது தம் மொழியில். அவை நடவடிக்கையோ ஆங்கிலத்தில். பக்கத்தில் அமர்ந்த மொழிபெயர்ப்பாளர் சொல்லும் அளவே விவாதம் இவர்கள் காதுக்கு எட்டியது.

தேர்தல் நடந்த முறை தனியே குறிக்கத்தக்கது. வாக்காளர் பட்டியல் இல்லை. குறித்த நாளில் கூடியவர்கள் கை தூக்குவர். எண்ணிக்கையை யாரேனும் மறுத்தால் வாக்குப்பதிவு நடக்கும். அதிலும் வாக்காளர் தம் தெரிவை வாய்விட்டுச் சொல்ல வேண்டும். வெள்ளையருக்கு 1870-இல் இரகசிய வாக்குச் சட்டம் வந்தபின்னும் மாவோரிகளுக்குப் பழைய முறையே நீடித்தது. 1910-இல் கை தூக்குவது நின்றது. பெயரைத் தேர்தல் அலுவலரிடம் சொல்வது நிற்கவில்லை. ஊராரும் உறவினரும் பார்த்திருக்க, அரசு அலுவலர் முகத்துக்கு நேரே சொல்லும் பெயர் எவ்வளவு தன்னிச்சையானது என்பதை வாசகர் ஊகிக்கலாம். எழுத்தறிவுக் குறைவு காரணமாகச் சொல்லப்பட்டது. 1842-இலேயே மாவோரி மொழியில் செய்தித்தாள் வெளிவந்த நாடு அது. இரகசிய வாக்கு 1937 சட்டத்தால் வந்து 1938 தேர்தலில் நடைமுறையானது. மாவோரி, பொதுத் தேர்தல்கள் ஒரே நாளில் நடந்தது 1951-இல்.

நான்கு இடங்களைக் கொண்டு எதையும் தடுக்க முடியாது என்று கண்ட குலத் தலைவர்கள் 1892-இல் கோத்தகிதங்கா என்னும் தங்கள் நாடாளுமன்றத்தை ஹேஸ்டிங்ஸ் அருகே வைப்பாத்துவில் கூட்டினர். அடுத்த ஆண்டு அங்கே மேரி தே தாய் மங்ககாஹியா எழுந்து, பெண்களுக்கு வாக்கு மட்டுமன்றி அவையில் அமரும் உரிமையும் வேண்டும் என்றார். அதே 1893-இல் நியூசிலாந்து அரசு மாவோரிப் பெண்கள் உட்பட எல்லாப் பெண்களுக்கும் வாக்குரிமை தந்தது. வேட்பாளராகும் உரிமைக்கு 1919 வரை காத்திருக்க நேர்ந்தது. 1894-இல் வடக்கு மாவோரி உறுப்பினர் ஹோனே ஹேக்கே ஙாபுவா மாவோரிகளின் தன்னாட்சிக்கான மசோதாவை வெலிங்டனில் முன்வைத்தார். வெள்ளை உறுப்பினர்கள் அவையைவிட்டு எழுந்து போயினர். போதிய உறுப்பினர் இல்லாமல் மசோதா விழுந்தது. கோத்தகிதங்கா 1902-இல் கலைந்தது.

ஙாட்டாவும் ராத்தனாவும்

ஜேம்ஸ் கரோல் 1893-இல் பொதுத் தொகுதியில் வென்ற முதல் மாவோரி. கிழக்கு மாவோரித் தொகுதியை 1905 முதல் 38 ஆண்டுகள் வைத்திருந்த அபிரானா ஙாட்டாவின் உருவம் இன்றைய 50 டாலர் நோட்டில் உள்ளது. அவரை 1943-இல் வீழ்த்தியது ராத்தனா இயக்கம்.

தகுபோத்திகி விரேமு ராத்தனா, நோய் தீர்க்கும் அருளாளராகப் பேர்பெற்று, பின் உடன்படிக்கையைச் சட்டமாக்கக் கோரி அரசியலுக்கு வந்தவர். 1936-இல் தொழிற்கட்சிப் பிரதமர் மைக்கேல் ஜோசப் சாவேஜைச் சந்தித்தபோது அவர் மேசையில் சில பொருள்களை வைத்தார். ஓர் உருளைக்கிழங்கு: அதைப் பயிரிட நிலமில்லை. உடைந்த கடிகாரம்: பழுதுபார்க்கக் காசில்லை. பச்சைக்கல் பதக்கம்: மாவோரிகளின் மாண்பு. ஹூயியா பறவையின் இறகு: தலைமைக்கு உரியது, மாவோரிகளைக் காத்தால் பிரதமர் சூடலாம். சாவேஜ் 1940-இல் இறந்தபோது இவற்றை அவருடன் புதைத்தனர் என்பர். ஒரு நாட்டின் தேர்தல் உடன்பாடு இவ்வளவு குறைந்த சொற்களில் முடிந்தது அரிது. ராத்தனா இயக்கம் தொழிற்கட்சியோடு இணைய, நான்கு தொகுதிகளும் பல பத்தாண்டுகள் அக்கட்சியின் கைவசம் நின்றன. 1949-இல் இரியாக்கா ராத்தனா மேற்கு மாவோரித் தொகுதியில் வென்று நாடாளுமன்றத்தின் முதல் மாவோரிப் பெண் உறுப்பினரானார்.

யார் மாவோரி?

1975 வரை சட்டம் இதற்கு விடையை இரத்தப் பின்னத்தில் தேடியது. பாதிக்கு மேல் மாவோரி இரத்தம் உள்ளவர் மாவோரித் தொகுதியில் வாக்களிக்க வேண்டும். பாதிக்குக் குறைந்தவர் பொதுத் தொகுதியில். சரிபாதியானவர் மட்டும் விரும்பியதைத் தேர்ந்தெடுக்கலாம். கலப்பு மணம் மிகுந்த நாட்டில் இந்தப் பின்னத்தை எந்த அலுவலரும் அளந்து பார்த்ததில்லை. 1975 சட்டம் பின்னத்தை ஒழித்து, மாவோரி வழிவந்தவர் எவரும் இரு பட்டியல்களில் ஒன்றைத் தாமே தெரிவு செய்யலாம் என்றது. ஒருவரின் அடையாளத்தை அரசு கணித்துச் சொன்ன நிலை போய், அவர் சொல்ல அரசு பதிந்துகொள்ளும் நிலை வந்தது. தொகுதிகளின் வரலாற்றில் 1867-க்கு அடுத்த பெரிய திருப்பம் இதுவே எனலாம். ஃபினா கூப்பர் தலைமையில் மாவோரிகளின் நில உரிமைப் பயணம் நடந்ததும் அதே ஆண்டில்.

1986-இல் தேர்தல் சீர்திருத்த ராயல் கமிஷன், கலப்பு விகிதாசார முறை வந்தால் தனித் தொகுதிகள் வேண்டியதில்லை என்றது. மாவோரிகள் எதிர்த்தனர். 1993 சட்டம் விகிதாசார முறையைக் கொண்டுவந்து, தொகுதிகளையும் வைத்துக்கொண்டு, அவற்றின் எண்ணிக்கையை மாவோரிப் பட்டியலில் பதிவோரின் அளவோடு இணைத்தது. 1867 முதல் மாறாத நான்கு, 1996-இல் ஐந்தாயிற்று, 1999-இல் ஆறு. இன்று தே தாய் தோங்கா என்ற ஒரே தொகுதி தென்தீவு முழுவதையும், ஸ்டீவர்ட், சாத்தம் தீவுகளையும், வெலிங்டனின் ஒரு பகுதியையும் அடக்கியது.

அண்மைக் காலம்

கடற்கரை நில உரிமைச் சட்டத்தை எதிர்த்துத் தாரியானா தூரியா 2004-இல் தொழிற்கட்சியை விட்டு விலக, மாவோரிக் கட்சி தோன்றியது. 2017-இல் ஏழும் தொழிற்கட்சிக்குத் திரும்பின. 2023-இல் ஆறு மாவோரிக் கட்சிக்குச் சென்றன. வைதாங்கி உடன்படிக்கையின் கோட்பாடுகளைச் சட்டத்தில் வரையறுக்க முயன்ற மசோதா 2025 ஏப்ரலில் நாடாளுமன்றத்தில் தோற்றது.

பொதுத் தொகுதிகள் தொடர்பான முக்கியப் பிரிவுகளை மாற்ற நாடாளுமன்றத்தில் 75 விழுக்காடு ஆதரவோ பொது வாக்கெடுப்போ வேண்டும். மாவோரித் தொகுதிகளுக்கு அந்தக் காப்பு இல்லை. சாதாரணப் பெரும்பான்மையே அவற்றை நீக்கப் போதும்.