மின்கார் சந்தாவும் ஸ்டேட்மென்டில் வரும் அந்நியப் பெயரும்

பிரிட்டனில் 2016-ல் மின்கார் வாங்கிய ஒருவரை எடுத்துக்கொள்ளுங்கள். கார் வாங்கிய கையோடு 'போலார் பிளஸ்' என்ற சார்ஜிங் திட்டத்திலும் சேர்ந்திருப்பார். சந்தா மாதம் 7.85 பவுண்டு. நாலைந்து வருஷம் கழித்துப் பார்த்தால் அந்தச் சேவையின் பெயர் 'பிபி பல்ஸ்' என்று மாறியிருக்கிறது. பிபி என்றால் பெட்ரோல் பங்க் கம்பெனி ஆயிற்றே! பெட்ரோலே வேண்டாம் என்று மின்கார் வாங்கியவர் கணக்கில் அதற்கு என்ன வேலை? இதற்குள் காரையே விற்றுவிட்டிருந்தால் குழப்பம் இன்னும் ஜாஸ்தி.

இது மோசடியா என்று கேட்டால், பெரும்பாலும் இல்லை. என்றோ போட்ட ஒரு கையெழுத்து, என்றோ தட்டிய ஒரு பட்டன், அதன் வால் இன்னும் ஆடிக்கொண்டிருக்கிறது, அவ்வளவுதான். ஆனால் பணம் போவது நிஜம். அந்த வால் எங்கே ஆரம்பிக்கிறது என்று தேடிப் போனால் நூறு வருஷத்துக்கு மேல் பின்னால் போக வேண்டியிருக்கிறது.

அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்தில் ஹார்ட்ஃபோர்ட் என்று ஒரு ஊர். 1910 வாக்கில் அந்த ஊர் மின்சாரக் கம்பெனி (ஹார்ட்ஃபோர்ட் எலெக்ட்ரிக் லைட் கம்பெனி) ஒரு புதுமையான வியாபாரத்தை ஆரம்பித்தது. அப்போது மின்சார லாரிகள் ஓடிக்கொண்டிருந்த காலம். லாரியில் விலை அதிகமான சமாசாரம் பேட்டரி. சார்ஜ் ஏற நேரமும் ஆகும். எனவே வியாபாரி ஜெனரல் வெஹிக்கிள் கம்பெனியிடமிருந்து பேட்டரி இல்லாமல் லாரியை மட்டும் வாங்கினால் போதும். சார்ஜ் ஏற்றிய பேட்டரியை மின்சாரக் கம்பெனி மாட்டிவிடும், தீர்ந்தால் கழற்றிவிட்டு வேறொன்று மாட்டும். இதற்குக் கட்டணம் இரண்டு வகை: ஓடிய மைலுக்கு இவ்வளவு என்று ஒன்று, லாரியைப் பராமரித்து நிறுத்திவைக்க மாதம் இவ்வளவு என்று இன்னொன்று. 1924 வரை இந்தச் சேவை நடந்தது. மொத்தம் 60 லட்சம் மைலுக்கு மேல் வண்டிகள் ஓடின.

இன்றைய மின்கார் சந்தாவின் தாத்தா இதுதான். கவனிக்க வேண்டிய விஷயம், அந்த மாதக் கட்டணத்துக்கு எதிரே கண்ணால் பார்க்கக்கூடிய ஒரு வேலை இருந்தது. லாரி கொட்டகையில் நின்றது, ஆட்கள் பராமரித்தார்கள். லாரியை விற்றுவிட்டால் கொட்டகைக்குப் போகமாட்டார், பணமும் கட்டமாட்டார். மறந்துபோய்க் கட்டிக்கொண்டே இருக்க வழியே இல்லை.

பிறகு பெட்ரோல் ஜெயித்தது. மின்வண்டிகள் பல பத்தாண்டுகள் மூலைக்குப் போயின. அந்தக் கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான்.

திரும்பி வந்தபோது செல்ஃபோன் யுகம் வந்திருந்தது. 2007-ல் ஷாய் அகாசி என்பவர் 'பெட்டர் பிளேஸ்' என்ற கம்பெனியை ஆரம்பித்தார். காரை நீங்கள் வாங்குங்கள், பேட்டரி எங்களுடையது, மாதம் இத்தனை கிலோமீட்டர் என்று பிளான் போட்டுக்கொள்ளுங்கள் என்றார்கள். செல்ஃபோன் பிளான் மாதிரியேதான். ஹார்ட்ஃபோர்டில் செய்த அதே பேட்டரி மாற்றும் வேலையை ரோபோ வைத்துச் செய்தார்கள். இஸ்ரேலிலும் டென்மார்க்கிலும் கடை விரித்து, கொள்வார் அதிகம் இல்லாமல் 2013 மே மாதம் திவாலானது.

பேட்டரி மாற்றும் யோசனை அடங்கினாலும் மாதக் கட்டண யோசனை தங்கிவிட்டது. என்.ஆர்.ஜி. என்ற மின்சாரக் கம்பெனி 2010-ல் அமெரிக்காவின் ஹூஸ்டன் நகரத்தில் 'ஈவிகோ' என்ற சார்ஜிங் சேவையை அறிவித்தபோது, அதன் திட்டங்கள் மாதம் 49 டாலரிலிருந்து 89 டாலர் வரை இருந்தன. அங்கே இதற்கு இன்னொரு காரணமும் உண்டு. மின்சாரத்தை யூனிட் கணக்கில் விற்பவர் மின்வாரியத்துக்குச் சமம், அதற்குண்டான உரிமம் வேண்டும் என்பது அப்போது பல மாநிலங்களின் சட்டம். யூனிட் கணக்கில் விற்க முடியாதவர் என்ன செய்வார்? நிமிஷக் கணக்கில் விற்பார், இல்லையென்றால் மாதச் சந்தா போடுவார்.

பிரிட்டனில் காரணம் வேறு. 2010-க்குப் பிறகு அரசாங்கம் எட்டுப் பகுதிகளுக்குப் பணம் கொடுத்து சார்ஜர் நடச் சொன்னது. ஒவ்வொரு பகுதியும் தனக்கென்று ஒரு திட்டம், ஒரு பெயர், ஒரு அட்டை என்று கிளம்பிவிட்டது. லண்டன் அட்டை நியூகாசிலில் வேலை செய்யாது. ஊர் ஊராய்ப் போகிறவர்கள் கத்தை அட்டைகளோடு சுற்றினார்கள். அட்டை ஏன் என்றால், ஒரு நாளைக்கு ஒன்றிரண்டு கார் வருகிற சார்ஜரில் கிரெடிட் கார்டு இயந்திரம் வைத்தால் கட்டுப்படியாகாது. அறிமுகமான ஆள்தானா என்று பார்க்க ஒரு உறுப்பினர் அட்டை போதும். அந்த அட்டைக்கு ஒரு சந்தா. அந்தக் காலத்தில் பல சார்ஜர்களில் மின்சாரம் இலவசம் என்பதால் சந்தா யாருக்கும் உறுத்தவும் இல்லை. சொல்லப்போனால் நல்ல பேரம்.

உறுத்தல் ஆரம்பித்தது பெயர்கள் மாறத் தொடங்கியபோதுதான். சார்ஜ்மாஸ்டர் என்ற கம்பெனி 2008-ல் தொடங்கி, 2011-ல் போலார் நெட்வொர்க்கை ஏற்படுத்தியது. 2018-ல் பிபி அதை 13 கோடி பவுண்டுக்கு வாங்கியது. முதலில் 'பிபி சார்ஜ்மாஸ்டர்', 2020 டிசம்பரில் 'பிபி பல்ஸ்'. நெடுஞ்சாலைகளில் ஈகோட்ரிசிட்டி நடத்திய சார்ஜர்கள் 2021-ல் கிரிட்சர்வ் கைக்குப் போயின. லண்டனின் 'சோர்ஸ் லண்டன்' முதலில் நகர நிர்வாகத்திடம், பிறகு பிரான்ஸின் பொலோரே குழுமத்திடம், பிறகு டோட்டாலிடம். அமெரிக்காவில் 'பிளிங்க்' சார்ஜர்களை நடத்திய ஈகோடாலிட்டி 2013-ல் திவாலாகி, அந்த நெட்வொர்க்கைக் கார் சார்ஜிங் குரூப் என்ற கம்பெனி சுமார் 33 லட்சம் டாலருக்கு வாங்கியது. வாங்கியவர் பின்னாளில் தன் பெயரையே பிளிங்க் என்று மாற்றிக்கொண்டார்!

இப்படிக் கைமாறும்போது விற்கப்படுவது கம்பமும் கேபிளும் மட்டுமில்லை. சந்தாதாரர் பட்டியலும் சேர்த்துத்தான். மாதாமாதம் தானாக வரும் பணம் என்றால் வாங்குகிறவருக்கு இனிக்கத்தானே செய்யும்? சேர்ந்தவர் எங்கோ ஒரு மூலையில் 'பெயர் மாற்ற அறிவிப்பு' என்று ஒரு மின்னஞ்சலைத் திறக்காமலே விட்டிருப்பார்.

சரி, பெயர் மாறியது புரிகிறது. ஆனால் ஸ்டேட்மென்டில் ஏன் இவ்வளவு மொட்டையாக வருகிறது? அதற்கு வங்கிக் குழாய்களின் வரலாறு தெரிய வேண்டும்.

கணக்கிலிருந்து கம்பெனியே பணத்தை எடுத்துக்கொள்ளும் 'டைரக்ட் டெபிட்' முறை பிரிட்டனில் 1964-ல் பிறந்தது. யூனிலீவர் கம்பெனி, ஐஸ்கிரீம் விற்பவர்களிடம் வசூல் செய்வதைச் சுலபமாக்கக் கண்டுபிடித்த வழி அது. ஐஸ்கிரீம் காசு வசூலிக்க வந்த யோசனை இன்று வீட்டு வரி முதல் மின்கார் வரை எல்லாவற்றையும் இழுத்துக்கொண்டிருக்கிறது :-) 1968-ல் வங்கிகள் இதற்காகக் கணினி மையம் அமைத்தன. நினைவகத்துக்கு விலை அதிகமான காலம். ஒவ்வொரு பதிவுக்கும் அளவான இடம், வசூலிப்பவர் பெயருக்கு 18 எழுத்து. அந்த 18 எழுத்து இன்னும் மாறவில்லை. கார்டு வழியாகப் போகும் பணத்துக்கும் இதே கதைதான், அங்கே கடைப் பெயருக்கு 25 எழுத்து. அதற்குள் சில கம்பெனிகள் மக்களுக்குத் தெரிந்த பெயரைப் போடாமல் பதிவு செய்த சட்டப் பெயரைப் போடும், சில தாய்க் கம்பெனியின் பெயரைப் போடும், சில பணம் வசூலித்துத் தரும் இடைத்தரகரின் பெயரைப் போடும். அந்நியப் பெயர் வருவதற்கு சதி எதுவும் வேண்டாம், 25 எழுத்துப் பெட்டியே போதும்.

அந்நியமாய் வரும் எல்லா வரியும் சந்தாவும் இல்லை. சார்ஜ் ஆரம்பிக்கும்போது சில நெட்வொர்க்குகள் ஒரு தொகையைப் பிடித்துவைத்துப் பிறகு விடுவிக்கும். சிலவற்றில் முன்பணப் பை இருக்கும், இருப்பு குறைந்தால் கார்டிலிருந்து தானாகவே ரொப்பிக்கொள்ளும். மாதாமாதம் ஒரே தேதியை ஒட்டி, ஒரே தொகை, பைசா பிசகாமல் போனால்தான் அது சந்தா என்று சந்தேகிக்கலாம். தேதியும் தொகையும் தாறுமாறாக இருந்தால் யாரோ உண்மையிலேயே சார்ஜ் போடுகிறார்கள் (வீட்டில் இன்னொருவரைக் கேட்டுப் பார்ப்பது நல்லது).

நிறுத்துவது எப்படி என்பதும் பணம் எந்தக் குழாயில் போகிறது என்பதைப் பொறுத்தது. பிரிட்டனில் டைரக்ட் டெபிட்டை வங்கியிடம் சொல்லி எப்போது வேண்டுமானாலும் ரத்து செய்யலாம். தவறாக எடுத்திருந்தால் வங்கியே முதலில் திருப்பித் தர வேண்டும் என்று ஒரு உத்தரவாதமும் உண்டு. கார்டு நிலை நீண்ட காலம் மோசமாக இருந்தது. வங்கிக்குப் போனால் 'கம்பெனியிடம் கேளுங்கள்' என்பார்கள், கம்பெனி ஃபோனை எடுக்காது. 2009-ல் வந்த பணச்சேவை விதிகள்தான், வாடிக்கையாளர் தன் சம்மதத்தை வங்கியிடமே திரும்பப் பெறலாம் என்று ஆக்கின. அப்புறமும் பல வங்கிக் கிளைகளில் பழைய பல்லவிதான். 2013-ல் நிதி ஒழுங்குமுறை அமைப்பு தலையிட்ட பிறகே வங்கிகள் ஒழுங்காக நடப்பதாக ஒப்புக்கொண்டன. அமெரிக்காவில் 1978-ம் வருஷச் சட்டப்படி, வங்கிக் கணக்கிலிருந்து நேராகப் போகும் மாதப் பணத்தை மூன்று வேலை நாள் முன்னதாக வங்கிக்குச் சொல்லி நிறுத்தலாம். கிரெடிட் கார்டு பில்லில் தவறு இருந்தால் 60 நாளுக்குள் எழுத்தில் தெரிவிக்க வேண்டும் என்பது 1974 சட்டம். அதனால்தான் ஸ்டேட்மென்டை ஆறு மாதத்துக்கு ஒருமுறை பார்ப்பவர் கஷ்டப்படுகிறார்.

இதில் இரண்டு இடங்களில் கால் வழுக்கும். முதலாவது, கார்டு காலாவதியானால் சந்தா தானாக நின்றுவிடும் என்ற நம்பிக்கை. நிற்காது. விசாவும் மாஸ்டர்கார்டும் புதுக் கார்டு எண்ணைக் கம்பெனிகளுக்குத் தெரிவிக்கும் ஏற்பாடு வைத்திருக்கின்றன. இரண்டாவது, வங்கியில் பணத்தை நிறுத்தினால் ஒப்பந்தமும் முடிந்தது என்ற நம்பிக்கை. அதுவும் இல்லை. பாக்கி என்று கடிதம் வரலாம். எனவே சேர்ந்தபோது கொடுத்த மின்னஞ்சலில் பழைய பெயர், புதுப் பெயர் இரண்டையும் தேடி, கணக்கைக் கண்டுபிடித்து, கம்பெனியிடம் ரத்து என்று எழுத்தில் வாங்கி, பிறகு வங்கியிலும் நிறுத்துவதே சரியான வரிசை. செயலியை ஃபோனிலிருந்து அழித்தால் போதும் என்று நினைப்பவர்களும் இருக்கிறார்கள். அழிவது ஐகான் மட்டும்தான்.

சொல்லாமல் இருந்தால் சம்மதம் என்று எடுத்துக்கொள்ளும் வியாபாரம் மின்காருக்கு முன்பே உண்டு. அமெரிக்காவில் 1926-ல் தொடங்கிய 'புக் ஆஃப் தி மன்த் கிளப்' பிரபலமாக்கிய முறை அது: வேண்டாம் என்று எழுதாவிட்டால் புத்தகம் வந்துவிடும், பில்லும் வந்துவிடும். ஃபெடரல் டிரேட் கமிஷன் இதற்கு விதி போட 1973 ஆகிவிட்டது. சேர்வது எவ்வளவு சுலபமோ விலகுவதும் அவ்வளவு சுலபமாக இருக்க வேண்டும் என்று அதே கமிஷன் 2024 அக்டோபரில் ஒரு பெரிய விதி கொண்டுவந்தது. முறையான நடைமுறையைப் பின்பற்றவில்லை என்று 2025 ஜூலையில் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை ரத்து செய்துவிட்டது.

சார்ஜிங் விஷயத்தில் மட்டும் சட்டம் கொஞ்சம் வேகமாக ஓடியது. கலிஃபோர்னியா 2013-லேயே, பொது சார்ஜரைப் பயன்படுத்த யாரும் சந்தா கட்டவோ உறுப்பினராகவோ கட்டாயப்படுத்தக் கூடாது என்று சட்டம் இயற்றியது. பிரிட்டன் 2017-ல் அதேபோல விதி போட்டது. கம்பெனிகள் சாமர்த்தியமாக, 'சந்தா வேண்டாம், எங்கள் செயலியை இறக்கி அதில் கார்டு எண்ணைக் கொடுங்கள்' என்றன. அட்டைக் கத்தை போய் செயலிக் கத்தை வந்தது. கடைசியில் 2023 விதிகள் வந்து, 50 கிலோவாட்டும் அதற்கு மேலும் உள்ள பொது சார்ஜர்கள் அனைத்திலும் 2024 நவம்பருக்குள் வங்கிக் கார்டைத் தட்டிப் பணம் கட்டும் வசதி இருக்க வேண்டும் என்றன. ஐரோப்பிய யூனியனிலும் 2024 ஏப்ரல் முதல் இதை ஒட்டிய விதி.

ஆக, சந்தா பிறந்த காரணம் போய்விட்டது. சார்ஜரைத் திறக்க இப்போது யாருக்கும் உறுப்பினர் அட்டை தேவையில்லை. மிச்சமிருக்கும் சந்தாவெல்லாம் யூனிட் விலையில் தள்ளுபடி வாங்கக் கட்டும் பணம். வாரம் இரண்டு முறை வெளியில் சார்ஜ் போடுபவருக்கு அது லாபமாக இருக்கலாம். வீட்டிலேயே சார்ஜ் போடுபவர் மாதச் சந்தாவை ஒரு யூனிட்டுக்குக் கிடைக்கும் தள்ளுபடியால் வகுத்துப் பார்த்தால், எத்தனை யூனிட் ஏற்றினால் போட்ட காசு திரும்பும் என்று தெரிந்துவிடும். சந்தா 8 பவுண்டு, தள்ளுபடி யூனிட்டுக்கு 20 பென்ஸ் என்று வைத்துக்கொண்டால் மாதம் 40 யூனிட். நடுத்தர மின்காருக்கு முக்கால் டேங்க் மாதிரி.

இந்தியாவில் இந்தச் சிக்கல் வேறு மாதிரி அவிழ்ந்தது. 2021 அக்டோபர் 1 முதல் ரிசர்வ் வங்கியின் விதிப்படி, கார்டிலிருந்து தானாகப் போகும் மாதக் கட்டணங்களுக்கு 24 மணி நேரம் முன்பே வாடிக்கையாளருக்குத் தகவல் வர வேண்டும். முதலில் 5,000 ரூபாய், 2022 ஜூனிலிருந்து 15,000 ரூபாய் வரைக்கும்தான் பொதுவாக ஓடிபி கேட்காமல் எடுக்க முடியும் என்றும் வைத்தார்கள். விதி வந்த புதிதில் பல வெளிநாட்டுச் சந்தாக்கள் படுத்துவிட்டன என்று புலம்பியவர்கள் அதிகம். அந்த முன்தகவலில் யாருக்கு, எவ்வளவு, என்றைக்கு என்பது இருக்கும். வேண்டாம் என்று அங்கேயே நிறுத்தும் வசதியும் இருக்க வேண்டும் என்பது விதி.