பிறப்புப் பதிவும் பிள்ளையின் சுகாதார உரிமையும்

புலம்பெயர்ந்து ஐரோப்பிய நாடுகளில் வாழும் நம்மவர்கள், பிள்ளை பிறந்ததும் முதல் வேலையாக அதனைச் சுகாதாரக் காப்புறுதியில் சேர்ப்பதைப் பற்றிப் பேசுவதைக் கேட்டிருப்போம். சுவிற்சர்லாந்தில் பிள்ளை பிறந்து மூன்று மாதங்களுக்குள் அதன் பெயரில் காப்புறுதி பெறப்பட வேண்டும் என்பது சட்டம். ஜேர்மனியில் பெற்றோரின் பொதுக் காப்புறுதியில் பிள்ளை தனிக் கட்டணமின்றிச் சேர்த்துக்கொள்ளப்படுகின்றது.

நமது நாட்டில் அத்தகைய காப்புறுதி அட்டை எதுவும் தேவையில்லை. அரசாங்க வைத்தியசாலையின் கதவு எல்லாப் பிள்ளைகளுக்கும் இலவசமாகவே திறந்திருக்கின்றது. 1926ஆம் ஆண்டு களுத்துறையில் முதலாவது சுகாதாரப் பிரிவு அமைக்கப்பட்ட காலந்தொட்டு வளர்ந்துவந்த பொதுச் சுகாதார சேவையின் பயன் இது. வைத்தியசாலையில் பிறந்த குழந்தைக்கு வீடு திரும்புமுன் பி.சி.ஜி. தடுப்பூசி ஏற்றப்படுகின்றது. தாய்மார் 'கிளினிக் கொப்பி' என்றழைக்கும் பதிவேடு கையில் கொடுக்கப்படுகின்றது. அப்பகுதி மருத்துவமாது வீடு தேடி வந்து தாயையும் சேயையும் பார்க்கின்றார். பிறப்புப் பதிவில்லை என்பதற்காக எந்தக் குழந்தைக்கும் தடுப்பூசி மறுக்கப்படுவதில்லை.

இந்த வசதியே ஒருவகை அசட்டைக்கும் இடமளித்துவிடுகின்றது. கிளினிக் கொப்பி இருக்கின்றதே, பத்திரத்தைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் எனப் பெற்றோர் சிலர் எண்ணுகின்றனர். கிளினிக் கொப்பி வேறு, பிறப்பு அத்தாட்சிப் பத்திரம் வேறு. முன்னையது பிள்ளையின் நிறையையும் தடுப்பூசியையும் காட்டும். பின்னையதே அப்பிள்ளை யார், யாருடைய பிள்ளை, எங்கு பிறந்தது என்பதைச் சட்டத்தின் முன் நிறுவும். முதலாம் வகுப்பு அனுமதிக்கும், தேசிய அடையாள அட்டைக்கும், கடவுச்சீட்டுக்கும் கேட்கப்படுவது அதுவே. 2017ஆம் ஆண்டு அறிமுகம் செய்யப்பட்ட 'சுரக்ஷா' காப்புறுதி பாடசாலை மாணவருக்கு உரியது. பாடசாலை வாசலையே தாண்டமுடியாத பிள்ளைக்கு அதனால் என்ன பயன்?

1951ஆம் ஆண்டின் 17ஆம் இலக்கப் பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டத்தின்படி, பிள்ளை பிறந்து 42 நாட்களுக்குள் தகவல் கொடுப்பது முதற்கண் பெற்றோரின் கடமையாகும். பெற்றோர் எங்கு வசித்தாலும், பிறப்பு நிகழ்ந்த பிரிவின் பதிவாளரிடமே பதிய வேண்டும். வைத்தியசாலையில் பிறந்திருப்பின் அங்கு தரப்படும் பிரசவ அறிக்கையையும், வீட்டில் பிறந்திருப்பின் கிராம அலுவலரின் அறிக்கையையும், பெற்றோரின் விவாகப் பதிவையும் அடையாளப் பத்திரங்களையும் கொண்டு செல்ல வேண்டும். மூன்று மாதங்கள் கடந்துவிட்டால் அது காலங்கடந்த பதிவாகிவிடும். அதன் பின்னர் பிரதேச செயலகத்திலுள்ள மேலதிக மாவட்டப் பதிவாளரிடம் விண்ணப்பித்து, பிறப்பை நிரூபிக்கும் சான்றுகளைத் தேடி அலைய நேரிடும்.

பெயர் முடிவாகவில்லை என்பது தாமதத்துக்குக் காரணமாகாது. இந்துக்கள் 31ஆம் நாளிலும் முஸ்லிம்கள் அகீகாவை ஒட்டி ஏழாம் நாளிலும் பெயரிடுவது வழக்கம். இரண்டுமே 42 நாட்களுக்குள் அடங்கிவிடுகின்றன. அப்படியும் பெயர் தீர்மானமாகாவிடின் பிறப்பை மட்டும் பதிந்து, பெயரைப் பின்னர் சேர்த்துக்கொள்ளச் சட்டம் இடமளிக்கின்றது.

விவாகப் பதிவில்லாத பெற்றோர் குறித்தும் சொல்ல வேண்டியுள்ளது. பெற்றோர் சட்டப்படி மணம் புரியாதவிடத்து, தாயும் தந்தையும் கூட்டாகக் கோரிக் கையொப்பமிட்டாலன்றித் தந்தையின் பெயர் பதிவேட்டில் இடம்பெறாது. முஸ்லிம் விவாகச் சட்டத்தின்கீழ், பதிவு செய்யப்படவில்லை என்ற காரணத்தால் மட்டும் நிகாஹ் செல்லுபடியற்றதாகிவிடுவதில்லை. எனினும் பதிவேட்டின் முன் அதனை நிரூபிக்கும் சுமை குடும்பத்தின் தலையிலேயே விழுகின்றது. இடம்பெயர்வுக் காலத்தில் முகாம்களில் தாலி கட்டி, பதிவு செய்யாது விட்டவர்களின் நிலையும் இதுவே. பெற்றோரின் கவனக்குறைவுக்குப் பிள்ளை தண்டிக்கப்படலாகாது.

கடல் கடந்து பிறந்த பிள்ளைகளை மறந்துவிடவும் முடியாது. தமிழகத்து முகாம்களிலும் பிற நாடுகளிலும் நம்மவருக்குப் பிறந்த பிள்ளை, பிறந்து ஓராண்டுக்குள் இலங்கைத் தூதரகத்திலோ உரிய திணைக்களத்திலோ பதியப்பட வேண்டும். 2003ஆம் ஆண்டின் திருத்தத்துக்குப் பின்னர் தாய் வழியாகவும் அப்பிள்ளைக்கு இந்நாட்டுப் பிரஜாவுரிமை கிடைக்கின்றது. ஒரு பத்திரத்தின் பெறுமதியை மலையக மக்களைக் காட்டிலும் உணர்ந்தவர்கள் இந்நாட்டில் இல்லை. 1948ஆம் ஆண்டு பறிபோன பிரஜாவுரிமையை மீட்டெடுக்க அவர்கள் பல தசாப்தங்கள் போராட வேண்டியிருந்தது. அந்தப் போராட்டம் முழுவதிலும் மூதாதையரின் பிறப்பையும் வதிவையும் காட்டும் காகிதங்களே வாழ்வைத் தீர்மானித்தன.

அதிகாரிகளுக்கும் பொறுப்புண்டு. தமிழ் பேசும் தாய்மார் பிரசவத்துக்கு வரும் வைத்தியசாலைகளில் தமிழறிந்த பதிவாளர்கள் இருத்தல் அவசியம். பெயரில் ஓரெழுத்துப் பிழைத்தாலும் அடையாள அட்டை முதல் ஓய்வூதியம் வரை அது தொடர்ந்து வரும். பதிவேட்டில் கையொப்பமிடுமுன் ஒவ்வொரு எழுத்தையும் வாசித்துப் பார்ப்பது பெற்றோரின் கடமை. வாசிக்க இயலாதவருக்கு வாசித்துக் காட்டுவது பதிவாளரின் கடமை.

1991ஆம் ஆண்டு இலங்கை ஏற்றுக்கொண்ட சிறுவர் உரிமைகள் சமவாயத்தின் ஏழாவது உறுப்புரை, பிறந்த உடனேயே பிள்ளை பதியப்பட வேண்டும் என்கின்றது. வீடு தேடிவரும் மருத்துவமாதும், தோட்ட நிர்வாகமும், பள்ளிவாசல்களும், ஆலய பரிபாலன சபைகளும் 'பதிந்துவிட்டீர்களா?' என்ற ஒரு கேள்வியைத் தாய்மாரிடம் கேட்கத் தொடங்கினாலே பெரும் பயன் விளையும். இலவச சுகாதார சேவை பிள்ளையின் உயிரைக் காக்கின்றது. அந்த உயிருக்குரிய சட்ட அடையாளத்தை 42 நாட்களுக்குள் பெற்றுக்கொடுப்பது நமது பொறுப்பாகும்.