தேர்தல் மேடையும் ஆர்மோனியமும்: தேவிகுளத்திலிருந்து தெல்தோட்டைக்கு

இளையராஜாவைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் 1976ஆம் ஆண்டிலிருந்து, 'அன்னக்கிளி' திரைப்படத்திலிருந்து தொடங்குவர். அதற்கு முந்திய காலம் வறுமை, உழைப்பு, திறமை என்னும் மூன்று சொற்களுள் அடங்கிவிடும். பிறவி மேதை என்ற கருத்தைப் பேணுவதற்கு அவ்வளவே போதுமானது. ஆனால் இராசையா என்ற இளைஞர் ஆர்மோனியப் பெட்டியின் முன் அமர்ந்திருந்த பத்தாண்டுகளைச் சமூக வரலாற்று நோக்கிற் பார்ப்பின், மலையகத்தோடு நேரடித் தொடர்புடைய வினா ஒன்று எழுகின்றது. அக்கலைஞரை உருவாக்கிய மேடை எது? அத்தகைய மேடை நமது மலைகளில் நிலைக்காது போனதேன்?

1943இல் அன்றைய மதுரை மாவட்டத்துப் பண்ணைப்புரத்திற் பிறந்தவர் இளையராஜா. மூத்த சகோதரர் பாவலர் வரதராசன் கம்யூனிஸ்ட் கட்சிப் பிரசார மேடைகளின் பாடகர். பண்ணைப்புரத்திலிருந்து மேற்கே நோக்கினால் தெரிவது மலைத்தொடர். அதற்கு அப்பால் கேரளத்தின் தேவிகுளம், மூணாறுத் தேயிலைத் தோட்டங்கள். 1958 மே மாதத்தில் தேவிகுளம் சட்டமன்றத் தொகுதியில் இடைத்தேர்தல் நிகழ்ந்தது. முந்திய ஆண்டில் ஆட்சிக்கு வந்திருந்த ஈ. எம். எஸ். நம்பூதிரிபாடு அரசுக்கு அது கௌரவப் பிரச்சினையாயிற்று. கட்சியின் வேட்பாளர் ரோசம்மா புன்னூஸ். வாக்காளருட் பெருந்தொகையினர் தமிழ்த் தோட்டத் தொழிலாளர். அவர்களிடம் மலையாளச் சொற்பொழிவு செல்லாது. பாவலரின் பாட்டுச் சென்றது. ரோசம்மா வென்றார். ஏறத்தாழப் பதினைந்து வயதில் அண்ணனின் குழுவிற் சேர்ந்த இராசையா அடுத்த பத்தாண்டுகளைத் தென்னிந்திய மேடைகளிலே கழித்தார்.

கருவியைப் பற்றியும் இவ்விடத்துச் சில கூறவேண்டும். ஐரோப்பாவிற் பிறந்து, பாதிரிமாரோடும் வணிகரோடும் கீழைநாடு வந்த பெட்டி ஆர்மோனியம். நமது நாடகக்காரர் அதனை எந்த அளவுக்குத் தமதாக்கிக்கொண்டனர் என்பதற்குச் சான்று வேண்டுமாயின், பாடகரின் சுருதியை இன்றும் 'ஒரு கட்டை', 'ஐந்து கட்டை' என்று அளப்பதை நோக்கினாற் போதும். அக்கட்டை ஆர்மோனியத்தின் கட்டையே. பண்டிதருக்கு இக்கருவி உவப்பாக இருக்கவில்லை. சுரங்களை ஒன்றோடொன்று இழைக்க அதனால் இயலாது, கமகம் பேசாது என்றனர். 1940 முதல் ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் அகில இந்திய வானொலியில் அதற்குத் தடை இருந்தது. இசையிலக்கண நோக்கில் அவர்கள் கூற்று முற்றிலும் பிழையன்று. ஆனால் கூட்ட மேடைக்கு வேண்டியது வேறு. மின்சாரமின்றி ஒலிக்கவேண்டும், ஒருவரே தூக்கிச் செல்லக்கூடியதாக இருக்கவேண்டும், இடக்கை துருத்தியை அசைக்க, வலக்கை கட்டைகளில் ஓட, வாசிப்பவரே பாடவும் இயலவேண்டும். வானொலி நிலையம் விலக்கிய பெட்டி செங்கொடியின் கீழ் ஒலித்தது தற்செயலானதன்று.

இனி நமது பக்கத்தை நோக்குவோம். தெல்தோட்டைக்கு அண்மையிலுள்ள லூல்கந்துரைத் தோட்டத்தில் 1867இல் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரிற் பயிரிட்டதோடு இலங்கையின் தேயிலை வரலாறு தொடங்குகின்றது. மூணாற்று மலைகளுக்கு ஏறியோரும் மன்னார் வழியே இம்மலைகளுக்கு வந்தோரும் பெரும்பாலும் ஒரே தமிழ் மாவட்டங்களின் ஏழை மக்களே. இரு மலைகளிலும் கங்காணி, துரை, லயம் என்பனவே வாழ்க்கை. மேடைப்பாட்டு முயற்சியில் இலங்கை மலையகம் முந்தியது என்றுகூடச் சொல்லலாம். கோ. நடேசய்யர் புடவை வியாபாரி வேடத்திலே தோட்டங்களுக்குட் புகவேண்டியிருந்த காலத்தில், அவர் துணைவியார் மீனாட்சியம்மை தொழிலாளர் கூட்டங்களிற் பாடினார். 'இந்தியர்களது இலங்கை வாழ்க்கையின் நிலைமை' என்ற அவரது பாடல் நூல் 1940இல் வெளிவந்தது. பாவலரின் தேவிகுளப் பாட்டுகளுக்குப் பதினெட்டு ஆண்டுகள் முந்தியது.

அந்த மரபு தொடராமைக்குக் காரணத்தை மக்களின் கலையார்வக் குறைவிலே தேடுவது வீண். 1947 பொதுத்தேர்தலில் மலையக மக்கள் தம் பிரதிநிதிகளைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பினர், கவிஞர் சி. வி. வேலுப்பிள்ளையும் தலவாக்கலையிலிருந்து சென்றார். 1948ஆம் ஆண்டுப் பிரசாவுரிமைச் சட்டமும் 1949ஆம் ஆண்டுச் சட்டங்களும் அம்மக்களின் குடியுரிமையையும் வாக்கையும் பறித்தன. 1952 தேர்தலில் அவர்தம் பிரதிநிதி ஒருவரேனும் தெரிவாகவில்லை. தேவிகுளத்துக் கொழுந்து பறிப்போரின் வாக்கை நாடி ஆர்மோனியம் மலையேறிய அதே 1958 மே மாதத்தில், இங்கே தமிழர்மீது வன்செயல் கட்டவிழ்க்கப்பட்டிருந்தது. வாக்கில்லாத மக்களிடம் எந்தக் கட்சி பாடகனை அனுப்பும்?

இதனை இயந்திரப் பாங்கான விளக்கம் என்று சிலர் கூறக்கூடும். வாக்குரிமை பறிக்கப்பட்டபின் மலையகத்திற் பாட்டு நின்றுவிடவில்லை என்பதை நானும் மறுக்கவில்லை. தப்பொலிக்கக் காமன் கூத்து ஆடப்பட்டது. அருச்சுனன் தபசு நிகழ்ந்தது. வேலுப்பிள்ளை தொழிலாளரின் வாய்மொழிப் பாடல்களைத் தேடித் தொகுத்தார். ஆயினும் திருவிழாக் கலை ஒரு தோட்டத்தின் எல்லைக்குள், ஆண்டுக்கொருமுறை நிகழ்வது. அதன் கலைஞர் மறுநாட் காலை பிரட்டுக்களத்தில் நிற்கவேண்டியவர். தேர்தல் மேடையோ எல்லை கடந்து செல்வது. நாளுக்கொரு கூட்டத்தைக் கலைஞனின் முன் நிறுத்துவது. எந்த மெட்டுக்குக் கூட்டம் நிமிர்கின்றது, எந்த அடியில் கலைகின்றது என்பதை அவன் கற்பது அங்கேதான். இராசையாவுக்கு அப்பள்ளி பத்தாண்டுகள் கிடைத்தது. அவரையொத்த நமது இளைஞருக்கு அது கிடைக்கவில்லை.

1968இல் அவர் சென்னை சென்றார். தன்ராஜ் மாஸ்டரிடம் மேனாட்டிசை பயின்றார், சலில் சௌத்ரி முதலியோரின் ஒலிப்பதிவுகளிற் கிதாரும் ஆர்கனும் வாசித்தார், ஜி. கே. வெங்கடேஷின் உதவியாளராகவும் இருந்தார். ஒலிப்பதிவுக் கூடத்தில் வாசிப்பவரின் உழைப்புக்குக் கூலி உண்டு, உரிமை இல்லை. இந்நிலை தமிழ்ப் படவுலகுக்கு மட்டும் உரியதன்று. 1967இல் பிரித்தானிய றொக் குழுவான புரோக்கல் ஹாரமின் புகழ்பெற்ற பாடலொன்றுக்கு ஆர்கன் இசை அமைத்து வாசித்த மத்தியூ ஃபிஷர், அப்பாடலில் தமக்கும் பங்குண்டென்று பிரபுக்கள் சபையின் தீர்ப்பைப் பெற்றது 2009இல். வழக்குக்கு முந்திய ஆண்டுகளின் வருவாயில் அவருக்கு எதுவும் கிடைக்கவில்லை. ஃபிஷருக்கு ஒலித்தட்டாவது சான்றாக இருந்தது. பாவலர் 1973இல் மறைந்தார். தம்பியின் முதற் படத்தை அவர் காணவில்லை.

1976இன் பின் அத்தம்பியின் மெட்டுகள் இலங்கை வானொலியின் தமிழ்ச் சேவை வழியே தெல்தோட்டை லயங்களுக்கும் வந்து சேர்ந்தன. தேயிலைத் தொழிலாளரின் முன்னிலையிற் பழகிய கை, இம்முறை திரைப்படப் பண்டமாக, வேறொரு மலையின் தேயிலைத் தொழிலாளரிடம் வந்தது. கேட்டவர்களிற் பலர் அப்பொழுதும் நாடற்றவர்களாகவே இருந்தனர்.