டெண்டரும் கூட்டுறவுச் சங்கமும்: ஒரு பழைய கதை

இன்றைய பதிவு கொஞ்சம் நீளம்தான். பொறுமையாகப் படியுங்கள்.

சாலை போட, கால்வாய் வெட்ட, சீருடை தைக்க அரசாங்கம் டெண்டர் விடுகிறது. யார் குறைந்த விலை சொல்கிறார்களோ அவர்களுக்கு வேலை. கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் டெண்டர் போடவே முன்வைப்புத் தொகை கட்ட வேண்டும். உழைப்பாளிகள் சேர்ந்து அமைத்த சங்கத்தில் உழைக்கக் கை உண்டு, கட்ட முதல் கிடையாது. இந்தச் சிக்கல் இன்று நேற்று வந்ததல்ல.

இத்தாலியில் ராவென்னா என்று ஓர் ஊர். நிலமில்லாத மண்வெட்டும் கூலிகள் நிறைந்த பகுதி. அவர்கள் 1883-இல் நுல்லோ பல்தீனி என்ற இளைஞரின் முயற்சியால் ஒரு சங்கம் அமைத்தார்கள். இடைத்தரகர் இல்லாமல் தாங்களே வேலை எடுத்துச் செய்வதுதான் நோக்கம். மறு ஆண்டே ரோம் நகருக்குப் பக்கத்தில் உள்ள ஒஸ்தியா சதுப்பு நிலத்தை வற்றவைக்கப் போனார்கள். மலேரியா பிடித்த மண் அது. பலர் அங்கேயே மாண்டார்கள். ஆனாலும் வேலையை விடவில்லை.

1889-இல் இத்தாலி ஒரு சட்டம் போட்டது. உழைப்பே பெரும்பங்காக உள்ள வேலைகளை, 1 லட்சம் லிரா வரை, ஏலம் இல்லாமல் தொழிலாளர் கூட்டுறவுச் சங்கங்களுக்கே நேரடியாகக் கொடுக்கலாம் என்றது. முன்வைப்புத் தொகைக்கும் வழி சொன்னது. முதலிலேயே கட்ட வேண்டாம். ஒவ்வொரு தவணைப் பணத்திலும் பத்தில் ஒரு பங்கைப் பிடித்து வைத்துக்கொண்டால் போதும் என்றது. அரசுக்குப் பாதுகாப்பும் குறையவில்லை, ஏழைக்குக் கதவும் அடைபடவில்லை.

நம் பக்கத்திலும் ஓர் உதாரணம் உண்டு. 1925-இல், அன்றைய சென்னை மாகாணத்து மலபார் மாவட்டத்தில், வடகரைக்கு அருகே ஊராளுங்கல் என்ற இடத்தில் 14 பேர் சேர்ந்து கூலித் தொழிலாளர் சங்கம் ஒன்றைத் தொடங்கினார்கள். வாக்படானந்தர் என்ற சீர்திருத்தத் துறவியின் வழியில் நடந்தவர்கள் அவர்கள். சாதி வழக்கத்தை எதிர்த்ததால் நிலக்காரர்கள் வேலை கொடுக்க மறுத்தார்கள். அதனால்தான் சங்கம் பிறந்தது. நூறாண்டு கடந்து இன்று கேரளத்தில் சாலையும் பாலமும் கட்டுகிறது. சிறிய வேலைகள் கிடைத்து, அவற்றைச் செய்து பெயரெடுத்துத்தான் பெரிய வேலைக்கு வந்தது.

இப்போது டெண்டர் கம்ப்யூட்டருக்கு வந்துவிட்டது. 2016-இல் மத்திய அரசு 'ஜெம்' என்ற மின்சந்தையைத் தொடங்கியது. 2017-இன் பொது நிதி விதிகளில் 149-ஆம் விதி, அங்கே கிடைக்கும் பொருள்களை மத்திய அமைச்சகங்கள் அங்கேதான் வாங்க வேண்டும் என்று ஆக்கியது. இதில் நல்லது நிறைய உண்டு. டெண்டர் பெட்டிக்கு முன்னால் ஆளை நிறுத்திக் கவர் போடவிடாமல் தடுத்த காலத்தை நாம் பார்த்தவர்கள்தானே!

2022 ஜூன் மாதம் கூட்டுறவுச் சங்கங்களும் ஜெம்மில் பொருள் வாங்கலாம் என்று மத்திய அமைச்சரவை அனுமதித்தது. நாட்டில் 8.54 லட்சம் சங்கங்கள், 27 கோடி உறுப்பினர்கள் என்று அரசே கணக்குச் சொன்னது. ஆனால் முதல் கட்டத்தில் சேர்க்கப்பட்டவை 100 கோடி ரூபாய்க்கு மேல் வரவு செலவோ வைப்புத் தொகையோ உள்ள சங்கங்கள். அது வாங்கும் பக்கம். சிறிய சங்கங்களுக்குச் சோறு போடுவது விற்கும் பக்கம்.

தையல் சங்கம் ஒன்றில் கணக்கு எழுதும் என் பழைய மாணவி, "டீச்சர், எல்லாருக்கும் திறந்திருக்கு என்கிறாங்க, எங்களால் உள்ளே போக முடியலையே" என்றாள். அவள் சொன்ன தடைகள் இவை. மூன்று ஆண்டு விற்றுமுதல் இவ்வளவு இருக்க வேண்டும். இதே வேலையை முன்பு செய்த அனுபவம் வேண்டும். பல மாவட்டங்களின் தேவையை ஒரே டெண்டராகக் கட்டிவிடுகிறார்கள். மின்கையொப்பம் ஒருவர் பெயரில்தான் இருக்கும்; சங்கத்தில் தலைவர் மாறினால் புதிதாக எடுக்க வேண்டும், அதற்குள் கடைசித் தேதி போய்விடும்.

"எல்லாருக்கும் ஒரே விதி, அதுதானே நியாயம்?" என்று சிலர் கேட்கலாம். பொதுத்தேர்வில் பார்வையற்ற மாணவருக்குச் சொல்வதை எழுத ஆள் கொடுக்கிறோம், கூடுதல் நேரம் கொடுக்கிறோம். அதனால் தேர்வின் தரம் குறைந்துவிடுவதில்லை. அதுபோல, தரத்தில் சலுகை வேண்டாம். டெண்டரைச் சிறு பகுதிகளாகப் பிரியுங்கள், வைப்புத் தொகையைத் தவணையில் பிடியுங்கள் என்றுதான் கேட்கிறோம்.

ஒன்றை மறைக்கக் கூடாது. சலுகை உள்ள இடத்தில் போலிகளும் நுழைவார்கள். சங்கத்தின் பெயர்ப்பலகைக்குப் பின்னால் காண்டிராக்டர் உட்கார்ந்திருப்பது இத்தாலியிலும் நடந்தது. அதற்கு மருந்து தணிக்கை. கதவை மூடுவது அல்ல.

விதி மாறும்வரை சும்மா இருக்க வேண்டியதில்லை. பொருள் உற்பத்தி செய்யும் கூட்டுறவுச் சங்கம், குறு அல்லது சிறு நிறுவனமாக 'உத்யம்' தளத்தில் பதிவு செய்யலாம். மத்திய அரசு டெண்டர்களில் அப்படிப் பதிந்தவர்களுக்கு முன்வைப்புத் தொகையில் விலக்கு உண்டு. பல சங்கங்களுக்கு இது தெரிவதில்லை.

என் மாணவர்களில் கம்ப்யூட்டர் வேலையில் இருப்பவர்கள் எத்தனையோ பேர். ஊருக்கு வரும்போது ஒரு நாள் ஒதுக்கி, உங்கள் ஊர் நெசவாளர் சங்கத்துக்கோ தையல் சங்கத்துக்கோ போய் இந்தப் பதிவைச் செய்து கொடுங்கள். மின்கையொப்பம் எப்போது காலாவதியாகிறது என்று சுவரில் எழுதி வைத்துவிட்டு வாருங்கள். செய்தவர்கள் கீழே ஒரு வரி எழுதுங்கள்; மற்றவர்களுக்கும் வழி தெரியும்.